வைட்டில்லா சோப்புத்தூள் வழங்கும் பண்பாட்டுத் தாக்கம்

பண்பாட்டின் மேல் ஒருவர் தாக்கம் ஏற்படுத்திவிட்டால் அவர் முதலில் செய்ய வேண்டியது, தன் தொப்பியை அளந்து அட்லாண்டாவுக்குத் தெரிவிப்பது. இது எங்களுக்கு அதுவரை தெரியாது. என் அத்தை வெர்டெல் பெட்டவே இளம்பெண்ணாக 'கதவைச் சாத்தாதே' என்ற பாட்டைப் பாடி நாட்டையே எழுந்து ஆட வைத்தபோது தொப்பியே போட்டிருக்கவில்லை. இப்போது எங்கள் மெம்ஃபிஸ் சர்ச் சபையில் 'மதர்' என்று மரியாதையாக அழைக்கப்படும் மூத்த தாய்மாரில் ஒருவர். தொப்பியில்லாமல் குளியலறைக்கு மட்டும்தான் போவார். அட்லாண்டாவிலிருக்கும் கறுப்பு இசைப் பண்பாட்டுத் தாக்க மன்றம், வாழ்நாள் தாக்க விருது தருவதாகச் சொல்லி அனுப்பியிருந்த குறிப்பில், தொப்பி பண்பாட்டு ரீதியாக வரவேற்கப்படுகிறது, ஆனால் காமிராவை மறைக்கும் அளவுக்கு வரவேற்கப்படவில்லை என்று இருந்தது. அத்தை அலமாரியில் இருந்ததிலேயே பெரிய தொப்பியை, கத்தரிப்பூ நிறத்தில் இறகு வைத்ததை, எடுத்துத் தூசி தட்டினார்.

அந்தப் பாட்டின் தொடக்கத்தில் ஒரு ஹம்மிங் வரும். வார்த்தை கிடையாது, தாளம் கிடையாது. ஒரு பெண் வாயை மூடிக்கொண்டே தன் வாழ்க்கை முழுவதையும் சொல்லிவிடுவாள். பாட்டை மறந்தவர்கள்கூட ஹம்மிங்கை மறக்கவில்லை. ராப் பாடுகிற பையன்கள் அதை வெட்டித் தங்கள் பாட்டில் ஒட்டிக்கொண்டார்கள். வைட்டில்லா சோப்புத்தூள் கம்பெனி அதை விளம்பரத்தில் போட்டது. இன்று எங்கள் ஊர்ப் பிள்ளைகளுக்கு அதைக் கேட்டால் அழுக்குத் துணிதான் ஞாபகம் வருகிறது.

அந்த ஹம்மிங் அத்தையுடையது அல்ல. அத்தையோடு சர்ச் பாடகர் குழுவில் நின்ற லூவீனியா மேபரியுடையது. ரெக்கார்டு உறையில் இரண்டு பெயருக்கு இடமில்லை என்று கம்பெனிக்காரர்கள் சொல்லிவிட்டார்கள். உறை ஓர் அடிக்கு ஓர் அடி. அத்தை அன்றிலிருந்து கேட்டவர்களிடமெல்லாம் உண்மையைச் சொல்லிக்கொண்டுதான் இருக்கிறார். கேட்டவர்களெல்லாம் "என்ன தன்னடக்கம்!" என்று எழுதிக்கொண்டு போய்விட்டார்கள். லூவீனியா பள்ளிக்கூடச் சமையலறையில் வேலை செய்து ஓய்வு பெற்று, பக்கவாதம் வந்து, இப்போது முதியோர் இல்லத்தில் படுத்திருக்கிறார். பேச்சு பாதி போய்விட்டது. இந்தக் குளிர்காலத்தைத் தாண்டமாட்டார் என்று டாக்டர் எங்களிடம் சொல்லியிருந்தார்.

கிளம்புவதற்கு முன் அத்தை அவர் கட்டிலருகே போய்க் குனிந்தார்.

"லூ, டிவியைப் பாத்துக்கிட்டே இரு. நாடே கேக்கும்படி உன் பேரைச் சொல்றேன்."

லூவீனியா ஒரு புருவத்தைத் தூக்கினார். "நீயும் உன் வாக்கும்" என்று சொல்ல அவருக்கு அது போதும்.

அத்தைக்குக் கைகொடுத்து நடத்த நான் கூடப் போனேன். என் பெயர் க்ளீவன். முப்பது வருஷம் நகரப் பேருந்து ஓட்டியவன். எத்தனையோ விதமான ஆட்களை ஏற்றி இறக்கியிருக்கிறேன். ஆனால் மனிதர்கள் இருக்க வேண்டிய நாற்காலிகளில் அவர்களுடைய முகம் அச்சடித்த அட்டைகள் உட்கார்ந்திருப்பதை அட்லாண்டாவில்தான் பார்த்தேன். அது ஒத்திகை நாள். அத்தையின் நாற்காலியிலும் அத்தையின் அட்டை இருந்தது. அத்தை உட்காரப் போனபோது, காதில் கருவி மாட்டிய ப்ரியெல் என்ற பெண் ஓடிவந்தாள்.

"ஐயோ, மிஸ் வெர்டெல், அங்க உக்காராதீங்க! அது உங்க இடம்!"

"என் இடம்னுதாம்மா உக்காரப் போனேன்."

"நாளைக்குத்தான் உங்க இடம். இன்னிக்கு அது உங்க படத்தோட இடம்."

நாங்கள் ஓரமாக நின்று பார்த்தோம். மேடையில் அத்தையின் பெயரை அறிவித்தார்கள். யாரோ ஒரு நடிகை எழுந்து போய் விருதை வாங்கி, மார்பில் அணைத்து, கண்ணீர் விட்டாள்.

"பாத்தீங்களா, ரெண்டாவது வரியிலேயே அவங்களுக்குத் தொண்டை அடைக்குது," என்றாள் ப்ரியெல். "நாளைக்கு நீங்களும் அதே இடத்துல அடைச்சுக்கிட்டா ரொம்ப நல்லாருக்கும்."

"அவளுக்கே குடுத்துடுங்களேன்," என்றார் அத்தை. "என்னைவிட அவதான் நான் மாதிரி இருக்கா."

இதற்குள் மன்றத் தலைவர் வின்ஸ்டன் ஓகிள்ட்ரீ வந்துவிட்டார். எங்கள் ஆள்தான். ஒரு பாஸ்டரின் பேரன் என்றுகூடச் சொன்னார்கள். ஆனால் படிப்பும் பதவியும் அவரைச் சர்ச்சின் பின்வாசல் வழியாக வெளியே கூட்டிப்போய் வெகுகாலம் ஆகியிருந்தது. அத்தையின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டு, காமிரா இல்லாதபோதும் காமிராவைப் பார்த்தே பேசினார்.

"அம்மா, உங்க தாக்கத்தை நாங்க அளந்துட்டோம். மிக அதிகம்! பேச உங்களுக்கு முக்கால் நிமிஷம் ஒதுக்கியிருக்கோம். மத்த விழாக்கள்ல பேச்சு நீண்டா வயலின் வாசிச்சு ஆளை இறக்கிவிடுவாங்க. வயலின் நம்ம பண்பாடா? நான் கேட்டேன். ஆராய்ச்சிக்குக் குழு போட்டேன். குழு ஊர் ஊரா போய், சர்ச் ஆர்கன்தான் நம்ம வேருன்னு அறிக்கை குடுத்துச்சு. இனிமே நம்ம ஆளுங்க நம்ம இசையைக் கேட்டே வாயை மூடிக்கிட்டு இறங்குவாங்க. இது ஒரு சின்ன விஷயம் இல்ல அம்மா, விடுதலை!"

இதைச் சொல்லும்போது அவர் கண் கலங்கியது. நான் பொய் சொல்லவில்லை.

அத்தை ஆர்கன் வாசிக்கும் பையனிடம் மெல்ல நடந்து போனார். அவன் பெயர் குவின்டன்.

"தம்பி, நீ வாசிச்சா நான் நிறுத்தணுமாமே?"

குவின்டன் தன் ஷூவைப் பார்த்தான். "சம்பளம் குடுக்கறவங்க அப்படித்தான் சொல்றாங்க, மதர்."

"ஞாயித்துக்கிழமை எங்க வாசிக்கிறே?"

"எங்கப்பா சபையில."

"அங்க நீ வாசிக்க ஆரம்பிச்சா உங்கப்பா பிரசங்கத்தை நிறுத்திடுவாரா?"

அவன் சிரித்துவிட்டான். "நிறுத்தறதா! எங்கம்மா அடுப்புல வெச்சுட்டு வந்த கறி கரியாப் போற வரைக்கும் நீளும், மதர்."

அத்தை கைப்பையிலிருந்து ஒரு பெப்பர்மின்ட் மிட்டாயை எடுத்து அவனுக்குக் கொடுத்தார்.

அன்று மாலை மன்றத்தின் சட்டப் பிரிவு அம்மாள் எங்களை உட்கார வைத்தார். அத்தை சொல்லப்போகும் நன்றியைப் படித்துப் பார்த்து, ஒரு பெயரின் மேல் மட்டும் விரலை வைத்தார்.

"லூவீனியா மேபரிங்கற பேருக்கு அனுமதி இல்லை."

"ஏன்? அவ உயிரோட இருக்காளே!"

"அது எங்க துறையில வராது. பதிவின்படி அந்தப் பாட்டுல ஒருத்தர்தான் பாடியிருக்காங்க. இல்லாத ஒருத்தர் பேரை ஒளிபரப்பினா, அவங்க இருக்காங்கன்னு ஆயிடும். நீங்க கடவுளுக்கு நன்றி சொல்லலாம். கடவுளுக்கு அனுமதி வாங்கியாச்சு."

"மீறிச் சொன்னா?"

"மைக்கை நிறுத்துவோம். அப்பவும் சொன்னா விளம்பரத்துக்குப் போயிடுவோம்." இதை அவர் மிகவும் அன்பாகச் சொன்னார்.

விடுதிக்குக் கிளம்பினோம். பெரிய அமைப்புகளோடு மோதி எனக்குப் பழக்கமில்லை. "விடுங்க அத்தை, லூவீனியா அத்தை புரிஞ்சுக்குவாங்க," என்றேன்.

"அவ இத்தனை வருஷமா புரிஞ்சுக்கிட்டுத்தான்டா இருக்கா," என்றார் அத்தை. "போதும் அவ புரிஞ்சுக்கிட்டது."

மறுநாள் மாலை நாடெங்கும் நேரலை. இறகுத் தொப்பியோடு அத்தை முன்வரிசையில் உட்கார்ந்தார். பின்வரிசைக்காரர்களால் அன்று பண்பாட்டைக் கேட்க மட்டுமே முடிந்தது. தலைவர் முதலில் பேசினார். கறுப்பு இசை இந்த நாட்டின் இதயத்துடிப்பு, அதைப் பல காலம் பேரில்லாமல் ஆக்கிவிட்டார்கள், இந்த மன்றம் ஒவ்வொரு பேரையும் திரும்பச் சொல்லும் என்றார். நெடுநேரம் சொன்னார். தலைவருக்கு ஆர்கன் கிடையாது. பிறகு அவ்வாண்டின் சிறந்த தாக்கத்துக்கான விருது, தாக்கத்தை அளக்கும் கணினிக் கருவிக்கு வழங்கப்பட்டது. கருவியின் சார்பில் மூன்று பேர் வந்து வாங்கிக்கொண்டார்கள். நடுநடுவே வைட்டில்லா விளம்பரம். ஒவ்வொரு முறையும் லூவீனியாவின் ஹம்மிங் வந்து போயிற்று. கொடியில் வெள்ளைத் துணி ஆடியது.

அத்தைக்கு ரத்த அழுத்த மாத்திரை. அது அவரை நெடுநேரம் உட்கார விடாது, குளியலறைக்குத் துரத்திவிடும். தொப்பியைக் கழற்றி நாற்காலியில் வைத்துவிட்டு, என் கையைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தார். எங்கள் சர்ச்சில் தொப்பி உட்கார்ந்திருந்தால் ஆள் உட்கார்ந்திருப்பதாக அர்த்தம், பாஸ்டரின் மனைவிகூட அந்த இடத்தைத் தொடமாட்டார்.

திரும்பி வந்தபோது அரங்கத்தின் கதவு சாத்தியிருந்தது. அடுத்த விளம்பரம் வரை யாரும் நுழையக் கூடாதாம். கதவுக்கு மேலே தொங்கிய டிவியில் முன்வரிசை தெரிந்தது. அத்தையின் நாற்காலியில், அத்தையின் தொப்பியைப் போட்டுக்கொண்டு, முப்பது வயது மதிக்கத்தக்க ஓர் அழகி உணர்ச்சியோடு தலையாட்டிக்கொண்டிருந்தாள்.

"யாரும்மா அது?" என்று ப்ரியெலைக் கேட்டேன்.

"இருக்கை நிரப்பி. டிவியில காலி நாற்காலி தெரியக் கூடாது. யாராவது எழுந்தா இவங்க வந்து உக்காருவாங்க. நல்லா பழக்கியிருக்கோம், அந்தந்த ஆளாவே நடந்துக்குவாங்க."

என் போன் அடித்தது. லூவீனியாவின் கட்டிலருகே உட்கார்ந்திருந்த எங்கள் சபை ஜெரால்டீன் அக்கா.

"டேய் க்ளீவன்! வெர்டெல்னு பேரைப் போட்டு ஒரு சின்னப் பொண்ணைக் காட்டுறான்! அங்க போய் என்னத்தைடா பூசிக்கிட்டா உங்க அத்தை?"

"அக்கா, லூவீனியா அத்தை முழிச்சிருக்காங்களா?"

"கண்ணை எடுக்காமப் பாக்குறா. ஆனா மூச்சு சரியில்லடா. நர்ஸ் ரெண்டு தரம் வந்துட்டுப் போயிட்டா. சீக்கிரம் ஆகட்டும்."

அந்த நேரம் பார்த்து மேடையிலிருந்து அத்தையின் பெயரை அறிவித்தார்கள். கதவைத் தாண்டிக் கைத்தட்டல் கேட்டது. டிவியில் அந்த அழகி திடுக்கிட்டு இரண்டு பக்கமும் பார்த்தாள். பிறகு பழக்கியபடியே, கையை மார்பில் வைத்துக்கொண்டு எழுந்து மேடையை நோக்கி நடந்தாள்.

"கதவைத் திறங்க!" என்று கத்தினேன்.

"விளம்பரம் வரலையே!" என்றாள் ப்ரியெல். அவளுக்கு அழுகை வந்துவிட்டது. காதுக் கருவியில் யாரோ அவளைத் திட்டிக்கொண்டிருந்தார்கள்.

கதவை மறித்து நின்றவன் அலமாரி போன்ற ஆள். அத்தை அவனை அண்ணாந்து பார்த்தார்.

"தம்பி, நீ எந்த சர்ச்?"

இந்தக் கேள்விக்கு மட்டும் யாரும் அவனைப் பழக்கியிருக்கவில்லை. "மவுண்ட் பிஸ்கா, அம்மா," என்றான் தன்னையறியாமல்.

"உங்கம்மா இருக்காளா?"

"இருக்காங்க."

"அவளுக்குத் தெரிஞ்சா என்ன சொல்லுவா?"

அவன் கதவைத் திறந்தான்.

அந்த நடைவழியில் அத்தை நடந்ததை நான் சாகும்வரை மறக்கமாட்டேன். என் கையை உதறிவிட்டுத் தனியே போனார். அழகி முதல் படியில் கால் வைத்தபோது அத்தை பின்னாலிருந்து எட்டித் தொப்பியை எடுத்துத் தன் தலையில் வைத்துக்கொண்டார்.

"என் இடத்தைச் சூடு ஆறாம வெச்சிருந்தே தங்கம். இனிமே நான் பாத்துக்குறேன்."

நான் மேடையின் ஓரத்துக்கு ஓடினேன். அங்கே தலைவரும் சட்டப் பிரிவு அம்மாளும் ஒரு டிவியைப் பார்த்தபடி நின்றிருந்தார்கள். அத்தைக்கு எதிரே எழுத்து ஓடும் திரை. அதன் கீழே கடிகாரம். படி ஏறியதிலேயே அவருடைய நேரத்தில் பெரும்பங்கு போய்விட்டிருந்தது.

"'என்கிட்ட வார்த்தையே இல்ல'ன்னு இங்க எழுதியிருக்கு," என்றார் அத்தை திரையைப் பார்த்து. "அது பொய். என்கிட்ட நிறைய இருக்கு."

அரங்கம் சிரித்தது. கடிகாரம் சிவப்பானது. ஆர்கன் எழுந்தது.

அத்தை வாயை மூடிக்கொண்டார். அவ்வளவுதான், முடிந்தது என்று நினைத்தேன். மெம்ஃபிஸில் மூச்சு வாங்கிக்கொண்டு ஒருத்தி பார்த்துக்கொண்டிருக்கிறாளே என்று எனக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தது. அப்போது அத்தையின் இடது காலைப் பார்த்தேன். அது தரையைத் தட்டிக்கொண்டிருந்தது. அந்தக் காலை எனக்குச் சின்ன வயதிலிருந்து தெரியும். அது தட்டத் தொடங்கினால் ஞாயிற்றுக்கிழமை மதியச் சாப்பாடு சாயங்காலம்தான்.

"எனக்கு... ரொம்ப நேரம் இல்ல," என்றார் அத்தை. சொல்லவில்லை, ஆர்கனின் சுருதியைப் பிடித்து இழுத்தார்.

குவின்டனின் கை தானாக ஒரு பதில் கொடுத்தது. அவன் முகத்தைப் பார்த்தால் அவனே பயந்துபோயிருந்தான்.

"சொல்லுங்கம்மா!" என்று மாடியிலிருந்து ஒரு குரல்.

"ரெண்டு பொண்ணுங்க ஒரு வீடு கட்டினாங்க..."

"ஆமா!"

"கதவுல ஒரு பேரைத்தான் எழுதினாங்க..."

"ஐயோ, ஆமா!"

தலைவர் காதுக் கருவியில் சீறினார். "இறங்க மாட்டேங்கிறாங்க! ஆர்கனைச் சத்தமா வை!"

ஆர்கன் சத்தமானது. அத்தை ஒரு படி மேலே போனார். கூட டிரம்மும் சேர்ந்துகொண்டது.

"நாடு பூரா வந்து அந்தக் கதவைத் தட்டுது! உள்ளேருந்து ஒரு குரல் வருது! யாரு அது?"

"யாரு?" என்று கேட்டது அரங்கம். பாதிப் பேர் எழுந்துவிட்டார்கள். அசையாமல் உட்காரக் காசு வாங்கிய இருக்கை நிரப்பிகளும் எழுந்துவிட்டார்கள்.

"இன்னும் சத்தமா!" என்றார் தலைவர். அவருடைய தாத்தா பிரசங்க மேடையில் நின்றவர். இருந்தும் ஆர்கன் எதற்கு இருக்கிறது என்று அந்த மனிதருக்குக் கடைசிவரை ஞாபகம் வரவில்லை.

"கார்ல கேக்குறீங்க, கல்யாணத்துல கேக்குறீங்க, துணி துவைக்கிறப்போ கேக்குறீங்க! நான் இல்ல அது! என் குரல் இல்ல அது!"

"யாரு அம்மா? யாரு?"

சட்டப் பிரிவு அம்மாள் கையைத் தூக்கினார்.

"லூவீனியா!" என்றார் அத்தை. "லூவீனியா மேபரி!"

மைக் செத்தது. இரண்டாவது முறை அத்தையின் வாய் அசைந்ததுதான் தெரிந்தது. ஆனால் எங்கள் ஆட்களுக்கு ஒரு பெயரை ஒரு தரம் கொடுத்தால் போதும். மூவாயிரம் பேர் அதைத் திருப்பிச் சொன்னார்கள். அத்தையின் மைக்கை நிறுத்தியவர்கள், கைத்தட்டலைப் பிடிக்க அரங்கம் முழுவதும் தாங்களே தொங்கவிட்டிருந்த மைக்குகளை மறந்துவிட்டார்கள். லூவீனியா மேபரி, லூவீனியா மேபரி என்று அது நாடெங்கும் போய்க்கொண்டிருந்தது.

"விளம்பரம்! விளம்பரத்துக்குப் போ!" என்று தலைவர் அலறினார்.

போனார்கள். டிவியில் கொடியும் வெள்ளைத் துணியும் வந்தன. யாரு, யாரு என்று இத்தனை பேர் கேட்ட கேள்விக்கு, வாயை மூடிக்கொண்டு ஒரு பெண் பதில் சொல்லத் தொடங்கினாள். லூவீனியாவின் குரல், நாடு முழுவதும், குறுக்கே ஒருவரும் பேசாமல்.

நான் குழந்தை மாதிரி அழுதேன். அதில் எனக்கு வெட்கமில்லை.

அத்தை மேடையிலிருந்து இறங்கி வந்தபோது தலைவரின் முகம் கடுகடுத்திருந்தது. "நீங்க ஒரு மாபெரும் அமைப்பை..." என்று தொடங்கினார். அப்போது அவருடைய போன் அடித்தது. கேட்டார். "ஆமாங்க ஐயா" என்றார். "இவ்வளவு பேரா பாத்தாங்க?" என்றார். போனை வைத்தபோது கைகள் இரண்டும் தாமாக விரிந்தன.

"அம்மா! வைட்டில்லா கம்பெனி தலைவரே கூப்பிட்டார். அந்தப் பேச்சு, அதோட முடிவுல விளம்பரம், எவ்வளவு பொருத்தம்! இது நாங்க திட்டமிட்டதுதான்னு சொல்லிட்டேன். அடுத்த வருஷத்துலேருந்து 'தானாகப் பொங்கும் தருணம்'னு தனியா ஒரு பகுதி வெக்கப்போறோம். நீங்கதான் தொடங்கி வெக்கணும். ஒத்திகை இந்த வெள்ளிக்கிழமையே. அழ வேண்டிய இடத்தை எல்லாம் அந்த நடிகையே பாத்துக்குவா..."

அத்தை அவரைக் கவனிக்கவில்லை. என் போனை வாங்கிக் காதில் வைத்திருந்தார். மறுமுனையில் ஜெரால்டீன் அக்கா அழுதுகொண்டிருந்தது எனக்கே கேட்டது. பிறகு அந்த அழுகை ஒதுங்கியது. கோணிப்போன வாயிலிருந்து, மூச்சு இரைக்க, அந்த ஹம்மிங் வந்தது. நடுவே இரண்டு இடத்தில் அறுந்தது. அறுந்த இடத்தில் காத்திருந்து மறுபடி எடுத்தார்.

அத்தை போனைத் தூக்கிப் பிடித்து, தலைவரைப் பார்த்து உதட்டில் விரல் வைத்தார். வாழ்நாளில் முதல் தடவையாக யாரோ அவரை நடுவில் நிறுத்தியிருந்தார்கள். அவர் தலையைச் சாய்த்துக் கேட்டார். முகம் மலர்ந்தது.

"அடடே, இது நம்ம சோப்பு விளம்பரப் பாட்டு! நல்ல குரல். யாரு பாடறது?"

நான் அவர் சட்டையைப் பிடித்திருப்பேன். அத்தை என்னைத் தடுத்தார்.

"ஆமாப்பா, அந்த விளம்பரத்துல பாடுறவதான். பேரு லூவீனியா மேபரி. கேட்டுக்கிட்டு இருக்கா. எங்க, நீ ஒருதரம் சொல்லு பாப்போம்."

தலைவர் வாயைத் திறந்தார். பிறகு திரும்பி, சட்டப் பிரிவு அம்மாளைப் பார்த்தார்.